சக்கரம் உட்கார வேண்டும்

வண்டியும் நாமும் – 14

திண்டிவனம் தாண்டியதும் ஸ்டியரிங் நடுங்கத் தொடங்கியது. 80 கிலோமீட்டர் வேகத்தில் விரல் நுனிக்கு மட்டும் தெரிந்த நடுக்கம், 90-ஐத் தொட்டதும் தோள்வரை ஏறியது. பின்சீட்டில் அம்மா உறங்கிக்கொண்டிருந்தார். வேகத்தைக் குறைத்தேன், நடுக்கம் அடங்கியது. கூட்டினேன், திரும்ப வந்தது.

அது ஸ்விஃப்ட் காரின் கீழ்நிலை வேரியன்ட். கம்பெனியில் 14 அங்குல இரும்பு டிஸ்க்கோடு வந்தது. அவற்றைக் கழற்றிவிட்டு 15 அங்குல அலாய் வீல் போட்டு நான்கு நாள்தான் ஆகியிருந்தது. முதல் நாளே லேசாக வாப்ளிங் அடித்ததால் இரண்டு முறை பேலன்சிங்கும் செய்திருந்தேன். வீல் புதிது, டயர் புதிது, நான்கு நட்டும் இறுக்கமாக இருந்தன. குறை எங்கே என்று தெரியவில்லை.

விழுப்புரத்துக்கு வெளியே ஒரு சின்ன ஒர்க்‌ஷாப்பில் நிறுத்தினேன். அங்கிருந்த மூத்த மெக்கானிக் ஜாக்கி போட்டு முன் சக்கரத்தைக் கழற்றினார். மீண்டும் அதைப் பாதி மாட்டி, நடுவிலிருக்கும் ஹப்புக்கும் வீலின் நடுத்துளைக்கும் இடையே ஆள்காட்டி விரலை வைத்துக் காட்டினார். விரல் நுழையுமளவுக்கு இடைவெளி.

“தம்பி, வீல் மாட்டியிருக்கு. ஆனா உக்காரலை.”

மாற்று வீல் வாங்கப்போகிற எல்லோருக்கும் நான் சொல்ல நினைப்பது அந்த ஒரு வரிதான். ஒரு சக்கரம் காரில் மாட்டுவது வேறு, பொருந்துவது வேறு. போன வாரம் டயரின் பக்கச்சுவரில் உள்ள எண்களைப் படித்தோம். இந்த வாரம் அந்த டயரைச் சுமக்கும் வீலின் எண்களைப் படிப்போம்.

நடுத்துளை

காரின் ஹப்பில், நடுவே வட்டமாக ஒரு திண்டு துருத்தி நிற்கும். வீலின் நடுத்துளை அதன்மேல் கச்சிதமாக அமர வேண்டும். அப்படி அமர்ந்தால் வீலின் மையமும் ஹப்பின் மையமும் தாமாகவே ஒன்றாகிவிடும். என் காரின் ஹப் 54.1 மில்லிமீட்டர். கம்பெனி டிஸ்க்கின் நடுத்துளையும் அதே அளவு. நான் வாங்கிய அலாய் வீலின் நடுத்துளையோ 73.1 மில்லிமீட்டர். சுற்றிலும் ஒன்பதரை மில்லிமீட்டர் வெற்றிடம்.

இது வீலின் குறையல்ல. வெளிச்சந்தைக்கு வீல் வார்ப்பவர்கள் ஒரே வீல் பல கார்களுக்கு ஆகட்டும் என்று நடுத்துளையைப் பெரிதாகவே விடுகிறார்கள், 73.1 அவற்றில் பரவலான அளவு. அந்த இடைவெளியை நிரப்ப ஒரு வளையம் உண்டு. கடைகளில் ஹப் ரிங் என்பார்கள். வெளிவிட்டம் 73.1, உள்விட்டம் 54.1. பிளாஸ்டிக்கிலும் அலுமினியத்திலும் கிடைக்கும், விலை அதிகமில்லை. எனக்கு வீல் விற்ற கடையில் அதைப் பற்றி யாரும் பேசவில்லை. எனக்கும் கேட்கத் தெரியவில்லை. வண்டியைத் தரையில் இறக்கி வைத்தே காற்றுத் துப்பாக்கியால் நட்டுகளை முடுக்கிவிட்டார்கள். காரின் பாரத்தில் வீல் சற்றே விலகிய நிலையிலேயே இறுகிவிட்டது.

பேலன்சிங் ஏன் உதவவில்லை என்பதும் அப்போதுதான் புரிந்தது. பேலன்சிங் இயந்திரம் வீலை அதன் நடுத்துளையை வைத்துப் பிடித்துச் சுழற்றுகிறது. அங்கே வீல் தன் சொந்த மையத்தில் சுழல்வதால் குறையே தெரியாது. காரில் அது வேறொரு மையத்தில் சுழல்கிறது. இயந்திரத்தில் சரியாகவும் சாலையில் தவறாகவும் இருக்க அதுவே காரணம்.

துளைகளின் வட்டம்

நடுத்துளையைச் சுற்றி நட்டு மாட்டும் துளைகள் இருக்கின்றன. அவற்றின் மையங்களைத் தொட்டு ஒரு வட்டம் வரைந்தால் அதன் விட்டம்தான் பி.சி.டி. கடைக்காரர் “ஃபோர் ஹண்ட்ரட்” என்று சொன்னால், நான்கு துளை, 100 மில்லிமீட்டர் வட்டம் என்று பொருள். ஸ்விஃப்ட், ஐ20, ஹோண்டா சிட்டி ஆகியவற்றுக்கு 4×100. ஃபோர்டு ஈகோஸ்போர்ட்டுக்கு 4×108. இந்தியாவில் விற்ற ஃபோக்ஸ்வாகன் போலோவுக்கு 5×100. இன்னோவாவுக்கும் கிரெட்டாவுக்கும் 5×114.3. ஜிம்னிக்கு 5×139.7. கடைசி இரண்டு எண்களும் விசித்திரமாகத் தெரிந்தாலும் அவை அங்குலக் கணக்கின் எச்சங்கள்: 114.3 என்பது நாலரை அங்குலம், 139.7 என்பது ஐந்தரை அங்குலம்.

நான்கு துளை வீலை வீட்டிலேயே அளந்துவிடலாம். ஒரு துளையின் இடது விளிம்பிலிருந்து நேரெதிர்த் துளையின் இடது விளிம்புவரை அளந்தால் அதுவே பி.சி.டி. ஐந்து துளை வீலில் நேரெதிர்த் துளை கிடையாது. அடுத்தடுத்த இரண்டு துளைகளின் மையங்களுக்கு இடைப்பட்ட தூரத்தை அளந்து 1.7-ஆல் பெருக்க வேண்டும். 58.8 வந்தால் 100 வட்டம், 67.2 வந்தால் 114.3.

இதில் பெரிய தவறு நம்மைக் காப்பாற்றிவிடும். சின்னத் தவறுதான் ஆபத்து. 108 வட்டத்து வீல் 100 வட்டத்து ஹப்பில் ஏறவே ஏறாது. ஆனால் பழைய ஃபியட் ஊனோ, பாலியோ கார்களின் வீல் 4×98. அதை 4×100 ஹப்பில் வைத்தால் துளைக்கு ஒரு மில்லிமீட்டர்தான் வித்தியாசம்; பலம் போட்டு இறுக்கினால் ஏறிவிடும். ஏறிய பிறகு ஒவ்வொரு போல்ட்டும் ஒரு பக்கமாக வளைந்து இழுபட்டு நிற்கும். ஓட ஓட நட்டு தளரும், போல்ட் களைத்து முறியும். பழைய வீல் தேடிப் புதுப்பேட்டைக்குப் போகிறவர்கள் இந்த இரண்டு மில்லிமீட்டரை மறக்கக் கூடாது.

உள்ளே எவ்வளவு, வெளியே எவ்வளவு

வீலின் பின்புறத்தில் 6ஜே, இ.டி. 45 என்பது போல இரண்டு குறிப்புகள் பொறித்திருக்கும். முதலாவது ரிம்மின் அகலம், 6 அங்குலம். ஜே என்பது விளிம்பின் வடிவத்தைக் குறிக்கும் எழுத்து. இரண்டாவது ஆஃப்செட். இ.டி. என்பது ஐன்பிரஸ்டீஃப என்னும் ஜெர்மன் சொல்லின் சுருக்கம். ரிம்மின் நடுக்கோட்டிலிருந்து, ஹப்பில் ஒட்டும் முகம் எத்தனை மில்லிமீட்டர் வெளிப்புறமாகத் தள்ளியிருக்கிறது என்பதைச் சொல்லும் எண் அது. எண் குறையக் குறையச் சக்கரம் காரைவிட்டு வெளியே நகரும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். இப்போதிருப்பது 6ஜே, இ.டி. 45; கடையில் காட்டுவது 7ஜே, இ.டி. 35. அகலம் ஒரு அங்குலம் கூடுகிறது. அது உள்ளே 12.7, வெளியே 12.7 மில்லிமீட்டராகப் பிரியும். ஆஃப்செட் 10 குறைவதால் மொத்த வீலும் 10 மில்லிமீட்டர் வெளியே நகரும். ஆக, உள்பக்கம் 2.7 மில்லிமீட்டர் நெருங்குகிறது, வெளிப்பக்கம் 22.7 மில்லிமீட்டர் துருத்துகிறது. சுமையில்லாமல் நிற்கும்போது தெரியாது. ஐந்து பேர் ஏறி, ஒரு பள்ளத்தில் இறங்கும்போது டயர் மட்கார்டின் விளிம்பில் உரசும். வீல் பேரிங்கின் மேல் பாரம் விழும் இடம் மாறுவதால் அதன் ஆயுள் குறையும், ஸ்டியரிங்கின் இயல்பும் மாறும். மாறாக, ஆஃப்செட் அதிகமான வீலைப் போட்டால் அது உள்ளே போய் சஸ்பென்ஷனிலோ பிரேக் காலிப்பரிலோ இடிக்கும்.

பழைய எண்ணையும் புதிய எண்ணையும் ஒரு தாளில் எழுதி இந்தக் கூட்டல் கழித்தலைப் போடாமல் பணத்தை எடுக்காதீர்கள்.

நட்டும் அதன் இருக்கையும்

வீலின் துளைக்குள் நட்டு அமரும் இடத்துக்கும் ஒரு வடிவம் உண்டு. வெளிச்சந்தை அலாய் வீல்களில் பெரும்பாலும் 60 டிகிரிக் கூம்பு. ஹோண்டாவின் கம்பெனி வீல்களில் கோளம் போன்ற குழிவு. டொயோட்டாவின் கம்பெனி அலாய்கள் பலவற்றில் தட்டையான இருக்கை. கூம்பு இருக்கையில் கோள நட்டைப் போட்டாலும் இறுகும். ஆனால் முழுப்பரப்பும் தொடாமல் ஒரு மெல்லிய வளையம் மட்டுமே தொட்டுக்கொண்டிருக்கும். அந்த இறுக்கம் நிலைக்காது. ஹோண்டாக்காரர்கள் அலாய் மாற்றும்போது பழைய நட்டையே போடுவது இதனால்தான் தவறு.

மரையும் கவனிக்க வேண்டியது. ஸ்விஃப்ட்டுக்கு எம்12 × 1.25; ஹோண்டாவுக்கும் டொயோட்டாவுக்கும் ஹூண்டாய்க்கும் எம்12 × 1.5. கைவிரலால் குறைந்தது நான்கைந்து சுற்று தடையில்லாமல் ஏறினால்தான் சரியான நட்டு. போல்ட்டின் தடிமன் 12 மில்லிமீட்டர் என்றால், மரையும் ஏறக்குறைய 12 மில்லிமீட்டருக்காவது பிடித்திருக்க வேண்டும்: 1.5 மரையில் எட்டு சுற்று, 1.25 மரையில் பத்து சுற்று.

இறுக்கும்போது சக்கரம் தரையைத் தொடாமல் தூக்கியிருக்க வேண்டும். ஒன்றைவிட்டு எதிரெதிராக, முதலில் கையால், பிறகு ஸ்பேனரால். இறக்கிய பிறகு டார்க் ரெஞ்சால் கடைசி இறுக்கம். சிறிய கார்களுக்குப் பெரும்பாலும் 85 முதல் 120 நியூட்டன் மீட்டருக்குள் இருக்கும்; உங்கள் காரின் சரியான எண் கையேட்டில் உண்டு. 50 முதல் 100 கிலோமீட்டர் ஓடியதும் மறுபடி ஒருமுறை சரிபாருங்கள்.

உயரமும் பாரமும்

வீல் பெரிதானால் டயரின் பக்கச்சுவர் சிறிதாக வேண்டும். மொத்த உயரம் மாறக் கூடாது. என் காரில் முதலில் இருந்தது 165/80 ஆர்14. 165-இல் 80 சதவீதம் 132, மேலும் கீழுமாக 264, ரிம் 355.6. மொத்தம் 619.6 மில்லிமீட்டர். உயர்நிலை வேரியன்ட்டில் கம்பெனியே தரும் 185/65 ஆர்15-க்கு 621.5 வரும். இரண்டு மில்லிமீட்டர்கூட வித்தியாசமில்லை. 195/55 ஆர்16 போட்டால் 620.9. ஆனால் அழகுக்காக 205/60 ஆர்16 போட்டால் 652.4, ஐந்து சதவீதத்துக்கு மேல் கூடிவிடும். மீட்டர் 100 காட்டும்போது கார், முன்பு அதே 100-இல் ஓடியதைவிட ஐந்து கிலோமீட்டர் வேகமாக ஓடும். டயர் எங்காவது உரசவும் செய்யும்.

உயரம் சரியாக இருந்தாலும் இழப்பு ஒன்று உண்டு. 14 அங்குலத்தில் 132 மில்லிமீட்டர் இருந்த பக்கச்சுவர், 16 அங்குலத்தில் 107-ஆகக் குறைகிறது. நம் ஊர்ப் பள்ளங்களில் ரிம்மைக் காப்பது அந்தச் சுவர்தான். இரும்பு டிஸ்க் அடிபட்டால் வளையும், தட்டி எடுக்கலாம். வார்ப்பு அலாய் விரிசல் விடும். விரிசலை வெல்டிங் வைத்து ஓட்டுவதை நான் யாருக்கும் சொல்ல மாட்டேன்.

பாரத்தையும் பாருங்கள். ஓர் அச்சின் மேல் கார் அதிகபட்சம் 900 கிலோவை வைக்குமென்றால், அதிலுள்ள ஒவ்வொரு வீலும் 450 கிலோவுக்குக் குறையாமல் தாங்க வேண்டும். தரமான வீலில் அதன் அதிகபட்ச பாரம் பொறிக்கப்பட்டிருக்கும். கூடவே ஜப்பானியத் தரத்தைக் குறிக்கும் ஜே.டபிள்யூ.எல்., வி.ஐ.ஏ. முத்திரைகளையோ நம் ஐ.எஸ்.ஐ. முத்திரையையோ தேடுங்கள். பாரமும் முத்திரையும் இல்லாத வீல் எவ்வளவு அழகாக இருந்தாலும் வைத்துவிட்டு வந்துவிடுங்கள். பழைய வீல் என்றால் டயர் இல்லாமல் பேலன்சிங் இயந்திரத்தில் சுற்றச் சொல்லி, உள்விளிம்பில் வளைவும் வெல்டிங் தழும்பும் இருக்கிறதா என்று பார்த்த பிறகே விலை பேசுங்கள்.

சட்டமும் குறுக்கே நிற்கும். மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, உற்பத்தியாளர் தந்த அமைப்பை மாற்றுவதைக் கட்டுப்படுத்துகிறது; 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் அதை வலியுறுத்தியது. அதனால் உங்கள் மாடலின் உயர்நிலை வேரியன்ட்டுக்குக் கம்பெனியே கொடுக்கும் அளவைத் தேர்ந்தெடுப்பதுதான் எல்லா வகையிலும் நல்லது.

ஸ்டெப்னியை மறக்காதீர்கள்

இந்தச் சொல் நமக்கு வேல்ஸ் நாட்டின் லனெல்லி ஊரிலிருந்து வந்தது. கார்கள் மாற்றுச் சக்கரமே இல்லாமல் ஓடிய காலத்தில், 1904-இல், அவ்வூரின் ஸ்டெப்னி தெருவில் டேவிஸ் சகோதரர்கள் ஒரு சக்கரம் செய்தார்கள். ஆரக்கால்கள் இல்லாத வெறும் வளையமும் டயரும். பஞ்சரான சக்கரத்தைக் கழற்றாமலே அதன்மேல் கவ்விப் பிடிக்கும். அடுத்த ஊர்வரை போய்ச் சேருவதற்கான ஏற்பாடு அது. கவ்விப் பிடித்து ஓடுவது அவசரத்துக்கு. நிரந்தரமாக ஓடும் சக்கரம் ஹப்பில் அமர்ந்தே ஓட வேண்டும்.

அலாய் மாற்றிய பிறகும் டிக்கியில் பழைய இரும்பு டிஸ்க்தான் ஸ்டெப்னியாகக் கிடக்கும். அதற்கு அலாய் நட்டுகள் பொருந்தாமல் போகலாம். பழைய நட்டுகளில் ஒரு செட்டைத் துணியில் முடிந்து ஸ்டெப்னிக் குழியிலேயே போட்டு வையுங்கள். நடுவழியில், மழையில், இரவில் அதன் அருமை தெரியும்.

விழுப்புரத்தில் அன்று மதியம்வரை காத்திருந்தோம். அந்த மெக்கானிக் அண்ணன் வெர்னியரால் ஹப்பையும் நடுத்துளையையும் அளந்து, பக்கத்து லேத் பட்டறையில் நான்கு அலுமினிய வளையங்களைக் கடைந்து வாங்கி வந்தார். வளையத்தைப் பொருத்தி, சக்கரத்தை இரு கையாலும் ஏந்தி ஹப்பில் தள்ளினார். ‘டக்’கென்று ஒரு சின்னச் சத்தம். நட்டு எதுவும் போடாமலே சக்கரம் அசையாமல் நின்றது.

“இப்ப உக்காந்துருச்சு, தம்பி.”

திருச்சிவரை 90-இல் போனோம். அம்மா கண் விழிக்கவே இல்லை.

அடுத்த வாரம்: வீல் அலைன்மென்ட் – டயர் ஒருபக்கம் தேய்வது ஏன்?

(பயணம் தொடரும்)