கடைப் பலகை முதல் கல்வெட்டு வரை... நம் தேசிய மொழியின் கதை தெரியுமா?

கோலாலம்பூரின் ஜாலான் மஸ்ஜித் இந்தியாவில் மல்லிகைச் சரம் வாங்கக் குனிந்த தலையை ஒரு நிமிடம் நிமிர்த்துங்கள்! நகைக் கடையோ துணிக் கடையோ, பலகையில் பெரிய எழுத்தில் நிற்பது ‘கெடாய்’. ‘கெடாய் எமாஸ்’, ‘கெடாய் காயின்’! தலைநகரில் தேசிய மொழிதான் பெரிதாக இருக்க வேண்டும், தமிழோ சீனமோ அதற்குக் கீழேதான். மாநகர் மன்றத்தின் விதி அது. விதிக்குப் பயந்து எழுதிய அந்த மலாய்ச் சொல் எங்கிருந்து போனது தெரியுமா? நம் ‘கடை’யிலிருந்துதான்!

அது ஒன்றுதானா? கப்பல் ‘காப்பால்’ ஆனது. பெட்டி ‘பெத்தி’, கட்டில் ‘காத்தில்’, திரை ‘திராய்’, கழுதை ‘கெல்டாய்’, சுருட்டு ‘செருத்து’, மாம்பழம் ‘மெம்பெலாம்’! கைவிலங்குகூட ‘பெலெங்கு’ ஆகிவிட்டது! சரக்கு ஏற்றி வந்த வணிகர்களின் பேச்சில் விலங்குக்கு என்ன வேலை என்பது அவரவர் கற்பனைக்கு! சரி, ஜன்னலுக்கு மலாயில் ‘ஜெண்டேலா’ என்கிறார்களே, அதுவும் நாம் கொடுத்ததா? இல்லவே இல்லை! அவர்களும் நாமும் தனித்தனியாகப் போர்த்துகீசியரிடம் வாங்கியது!

மலாய் மொழியின் மிகப் பழைய கல்வெட்டுகளில் ஒன்று எந்த எழுத்தில் இருக்கிறது, சொல்லுங்கள் பார்க்கலாம்? அரபு எழுத்தா? ஆங்கில எழுத்தா? இரண்டும் இல்லை, பல்லவ எழுத்து! காஞ்சியை ஆண்ட அதே பல்லவர்களின் பெயரைத் தாங்கிய எழுத்துதான்! சுமத்ராவின் பாலெம்பாங் அருகே 1920இல் கிடைத்த கெடுக்கான் புக்கிட் கல்வெட்டு, கி.பி. 683ஆம் ஆண்டைச் சேர்ந்தது. ஒரு தலைவன் படை திரட்டிப் போன கதையைச் சொல்கிறது. நடந்து போனவர்கள் எத்தனை பேர் என்றுகூடக் கல்லில் வெட்டி வைத்திருக்கிறார்கள். 1,312 பேர்! 1,300 என்று முடித்திருக்கலாம், அந்த 12 பேரையும் விடவில்லை பாருங்கள்!

இன்னும் கொஞ்சம் கிழக்கே போவோமா? பிலிப்பைன்ஸில் இதுவரை கிடைத்த ஆவணங்களிலேயே பழையது ஒரு செப்பேடு. 1980களில் லகூனா பகுதியில் ஆற்றில் மணல் அள்ளியவர் கையில் சிக்கியது. அதில் என்ன மொழி? பழைய மலாய், அதோடு வடமொழிச் சொற்களும் பழைய ஜாவானியமும் கலந்து! தேதி எப்படிப் போட்டிருக்கிறார்கள் தெரியுமா? சக ஆண்டு 822, வைசாக மாதம், தேய்பிறைச் சதுர்த்தி, சோமவாரம்! நம் வீட்டுப் பஞ்சாங்கமேதான்! கி.பி. 900 என்று கணக்கு. அப்படி என்ன பெரிய விஷயம் எழுதியிருக்கிறது என்கிறீர்களா? ஒருவருடைய கடன் தீர்ந்துவிட்டது என்ற ரசீது! கடன் தொகை ஒரு காட்டியும் 8 சுவர்ணமும் தங்கம். இன்றைய எடையில் ஏறத்தாழ ஒரு கிலோ! மஸ்ஜித் இந்தியா நகைக்கடைக்காரரிடம் விலை கேட்டால் மயக்கமே வரும்!

அதே பிலிப்பைன்ஸில் 170க்கும் மேற்பட்ட மொழிகள் இருக்கின்றன. 1937 டிசம்பர் 30 அன்று அதிபர் மானுவல் கேசோன் தகாலோக் மொழியை அடிப்படையாக வைத்துத் தேசிய மொழியை அறிவித்தார். கேசோனின் தாய்மொழி எது? தகாலோக்தான்! மற்றவர்கள் சும்மா இருப்பார்களா? 1959இல் பெயரைப் ‘பிலிபினோ’ என்று மாற்றினார்கள், ‘ப’கரத்தில். 1987 அரசியல் சாசனத்தில் அதுவே ‘ஃபிலிபினோ’ ஆனது!

பெயர் மாற்றத்தில் நாம் சளைத்தவர்களா என்ன? 1957 அரசியலமைப்பின் 152ஆவது பிரிவில் இருப்பது மலாய் மொழி. 1969க்குப் பிறகு ‘பஹாசா மலேசியா’. 1986இல் மறுபடி ‘பஹாசா மெலாயு’. 2007இல் மீண்டும் ‘பஹாசா மலேசியா’! அப்பாவின் பள்ளிப் புத்தகத்தில் ஒரு பெயர், மகளின் புத்தகத்தில் இன்னொரு பெயர்! பாடம் மட்டும் ஒன்றுதான்!

இந்தோனேசியா செய்ததுதான் எல்லாவற்றையும் விட ஆச்சரியம். 1928 அக்டோபர் 28 அன்று இளைஞர்கள் கூடி ‘ஒரே மொழி’ என்று உறுதி எடுத்தார்கள். அப்போது அங்கே மிகப் பெரிய கூட்டம் பேசியது ஜாவானிய மொழி. அதை எடுத்திருப்பார்கள் என்றுதானே நினைக்கிறீர்கள்? எடுக்கவில்லை! மிகச் சிறுபான்மையினரின் தாய்மொழியாக இருந்த மலாயை எடுத்தார்கள்! சந்தையிலும் துறைமுகத்திலும் எல்லாருக்கும் புரிந்த மொழி அதுதான். என்னைக் கேட்டால், உலகில் தேசிய மொழி தேடிய நாடுகள் எடுத்த முடிவுகளில் இதைவிடச் சாமர்த்தியமானது கிடையாது. 2023 நவம்பரில் யுனெஸ்கோ பொதுமாநாட்டின் 10ஆவது அதிகாரபூர்வ மொழியாக, இந்தோனேசிய மொழி என்ற பெயரில், அது ஏறி உட்கார்ந்துவிட்டது!

‘நவீன மலாய் இலக்கியத்தின் தந்தை’ யார்? முன்ஷி அப்துல்லா. 1796இல் மலாக்காவில் பிறந்தவர். அவருடைய கொள்ளுத் தாத்தா ஏமனிலிருந்து எங்கே வந்து பெண் எடுத்தார் தெரியுமா? நாகூரில்! ஆமாம், நம் நாகூரேதான்! அப்துல்லாவுக்குத் தமிழும் தெரியும். சிப்பாய்களுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்ததால் ‘முன்ஷி’ பட்டம் ஒட்டிக்கொண்டது. ஸ்டாம்ஃபோர்ட் ராஃபிள்ஸிடம் எழுத்தராகவும் இருந்தார். 1849இல் அச்சான அவருடைய ‘ஹிக்காயத் அப்துல்லா’வை இன்றும் மலாய் மாணவர்கள் படிக்கிறார்கள்.

மலாயா, சிங்கப்பூர் வட்டாரத்தின் முதல் மலாய்ப் பத்திரிகை? 1876இல் சிங்கப்பூரில் வந்த ‘ஜாவி பெரானக்கான்’. நடத்தியவர்கள் இந்திய முஸ்லிம் தந்தைக்கும் மலாய்த் தாய்க்கும் பிறந்த வழியினர்! மலாயை அரபு எழுத்தில் எழுதினால் ஜாவி. தமிழை அரபு எழுத்தில் எழுதினால்? அர்வி! இரண்டிலும், அரபியில் இல்லாத ஒலிகளுக்காகப் புது எழுத்துகளை உண்டாக்கிக்கொண்டார்கள்!

இப்போது ஒரு எண் விளையாட்டு! மலாயில் பன்மை வேண்டுமா, சொல்லை இரண்டு முறை சொல்ல வேண்டும். ஓராங்-ஓராங் என்றால் மனிதர்கள். ஆனால் 1972க்கு முன் அச்சிட்ட நாளிதழைப் புரட்டுங்கள். ‘ஓராங்’ என்று எழுதிப் பக்கத்தில் ‘2’ போட்டிருப்பார்கள்! கணக்குப் பாடமா, மொழிப் பாடமா என்று குழப்பமே வரும்! 1972 ஆகஸ்ட் 16 அன்று கோலாலம்பூரும் ஜக்கார்த்தாவும் ஒரே நாளில் புது எழுத்துமுறையை அறிவித்தன. அந்த ‘2’ அன்றோடு ஓய்வு பெற்றது. சகர ஒலிக்கு நாம் ‘சி எச்’ போட்டுக்கொண்டிருந்தோம், அவர்கள் டச்சுக்காரர் பாணியில் ‘டி ஜே’. இரண்டும் போய் ஒற்றைச் ‘சி’! செராஸ் பக்கம் போனால் சாலைப் பலகையைப் பாருங்கள், பழைய ‘சி எச்’ இன்னமும் அசையாமல் நிற்கிறது!

ஒரு சட்டப் பிரிவுக்குச் சவப்பெட்டி செய்த கதை தெரியுமா? சுதந்திரத்துக்குப் பின் ஆங்கிலத்துக்கு 10 ஆண்டு தவணை. தவணை முடிந்ததும் 1967இல் தேசிய மொழிச் சட்டம் வந்தது. ஆங்கிலத்துக்கு அதிலும் இடம் விட்டுவிட்டார்கள் என்று மலாய் எழுத்தாளர்களுக்கு ஆத்திரம்! 152ஆவது பிரிவு செத்துவிட்டது என்று அறிவித்து, சவப்பெட்டியையே சுமந்து வந்துவிட்டார்கள்! கவிஞர் உஸ்மான் அவாங் ‘கெராண்டா 152’ என்றே கவிதை எழுதினார். அந்தப் பிரிவு சாகவில்லை. பிற மொழிகளைக் கற்கவும் கற்பிக்கவும் தடையில்லை என்று சொல்வதும் அதே 152தான்! நாட்டில் 500க்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகள் நடக்கின்றனவே, அவற்றுக்கும் அதில் பங்கு உண்டு!

தேசிய மொழிக்கு ஊரெல்லாம் ஒட்டிய சுலோகம் நினைவிருக்கிறதா? ‘பஹாசா ஜீவா பங்சா’. ஒவ்வொன்றாகச் சொல்லிப் பாருங்கள்! பாஷை, ஜீவன், வம்சம்! மூன்றும் வடமொழி வழி வந்தவை, மூன்றுமே நம் பாட்டி வாயில் புழங்கியவை!

கடைசியாக, சிங்கப்பூர்! அதிகாரபூர்வ மொழிகள் 4, தமிழும் அதில் ஒன்று. ஆனால் தேசிய மொழி? மலாய் மட்டும்! தேசிய கீதம் மலாயில். இராணுவத் திடலில் அணிவகுப்புக் கட்டளைகளும் மலாயில். அங்கே வியர்த்து வழிய நிற்கும் தமிழ்ப் பையனுக்கும் பக்கத்தில் நிற்கும் சீனப் பையனுக்கும் ஒரே கட்டளைதான், ‘செடியா!’ நேராக நில்!