பஞ்சமி நிலம்: ஏட்டில் உள்ள உரிமை

1891-ல் செங்கல்பட்டு கலெக்டர் பொறுப்பில் இருந்த ட்ரெமென்ஹீர் ஓர் அறிக்கை எழுதினார். காஞ்சிபுரம் அப்போது அந்த மாவட்டத்தில் ஒரு தாலுகா. ஏரிப் பாசன வயல்களில் தலைமுறை தலைமுறையாக நாற்று நட்டு, களம் அடித்த சேரி மக்களில் பெரும்பாலோருக்குக் குடியிருந்த மனைகூடச் சொந்தமில்லை என்பதை அவர் பதிவுசெய்தார். தரிசு கேட்டுத் தர்க்காஸ்து போட்டால், மிராசுதாருக்கே முன்னுரிமை. பண்ணையாள் தனக்கென்று நிலம் வைத்துக்கொண்டால் பண்ணை வேலைக்கு யார் வருவார் என்ற கணக்குதான்.

அந்த அறிக்கைதான் 1892-ல் ஓர் அரசாணைக்கு வழிவகுத்தது. சென்னை மாகாணத்தில் ஏறத்தாழ 12 லட்சம் ஏக்கர் இந்தச் சேரி மக்களுக்கு ஒதுக்கப்பட்டதாகச் சொல்லப்படுகிறது. அதுதான் பஞ்சமி நிலம். முதல் 10 ஆண்டுகள் விற்கவோ, தானம் கொடுக்கவோ, அடமானம் வைக்கவோ கூடாது. அதன் பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பினருக்கு மட்டுமே விற்கலாம். மீறினால் அரசு திரும்ப எடுத்துக்கொள்ளலாம். இதைவிடத் தெளிவாக ஒரு நிபந்தனையை எழுத முடியாது.

எழுதியவர்கள் தெளிவாகத்தான் எழுதினார்கள். காக்க வேண்டியவர்கள் காக்கவில்லை. கல்யாணக் கடனுக்கும் மருத்துவச் செலவுக்கும் வெற்றுத்தாளில் வைத்த கைநாட்டு, பிறகு கிரயப் பத்திரமானது. ஆதிக்க சாதியினரின் மிரட்டலுக்குப் பயந்து விட்டுக்கொடுத்தவர்களும் உண்டு. பட்டா கைமாறியபோது வருவாய்த்துறை கேள்வி கேட்கவில்லை, பத்திரப்பதிவு அலுவலகமும் தடுக்கவில்லை. ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் பக்கம் தொழிற்சாலைகள் வந்து விலை ஏறியபின், இழந்த நிலத்தை மீட்பது இன்னும் கடினமாகிவிட்டது.

கேட்டவர்களுக்குக் கிடைத்தது என்ன? செங்கல்பட்டுப் பகுதியிலுள்ள காரணையில் பஞ்சமி நிலத்தை மீட்கப் போராடிய மக்கள் அங்கே அம்பேத்கர் சிலையை நிறுவினார்கள். சிலை அகற்றப்பட்டது. அதைக் கண்டித்து 1994 அக்டோபர் 10 அன்று செங்கல்பட்டில் திரண்டவர்கள்மீது காவல்துறை சுட்டது. ஜான் தாமஸும் ஏழுமலையும் உயிரிழந்தார்கள். சட்டப்படி தங்களுடையதாக இருந்த நிலத்தைக் கேட்டதற்கு இரண்டு உயிர்கள்! இந்தக் கணக்கை எந்த அரசும் இன்னும் நேர்செய்யவில்லை.

செய்ய வேண்டியது பெரிய புரட்சி ஒன்றுமில்லை. ஒவ்வொரு கிராமத்திலும் பஞ்சமி நிலங்களின் சர்வே எண்களைப் பொதுவில் வெளியிட்டு, அவற்றை மற்ற வகுப்பினர் பெயரில் பதிவுசெய்ய முடியாதபடி பதிவுத்துறைக் கணினியிலேயே பூட்ட வேண்டும். காஞ்சிபுரத்தைச் சுற்றி மனை வாங்க நினைப்பவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். வில்லங்கச் சான்றோடு நின்றுவிடாதீர்கள். பழைய அ-பதிவேட்டையும் கேட்டு வாங்கிப் பாருங்கள். அதில் ‘டி.சி.’ (டிப்ரெஸ்டு கிளாஸ், அதாவது ஒடுக்கப்பட்ட வகுப்பு) என்றிருந்தால், எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும் அந்த மனையை வாங்காதீர்கள்.