நெசவாளரும் உழவரும் சங்கம் கண்ட ஆண்டு

பிற நாட்டு நெசவாளரும் உழவரும் தத்தம் சங்கங்களை எவ்வாறு கண்டனர், எவ்வாறு காத்தனர் என்பதை அறிவது நம் அங்கத்தினர்களுக்கு என்றும் பயன் தருவதாகும். இவ்விதழில் நாம் ஐரோப்பாவிலுள்ள போலந்து நாட்டின் 1981ஆம் ஆண்டினை எடுத்துக்கொள்கிறோம். அந்நாடு அக்காலத்தில் கம்யூனிஸ்டுக் கட்சியின் ஆட்சியில் இருந்தது. மக்கள்தொகை ஏறத்தாழ 3 கோடியே 60 லட்சம். அவர்களுள் சுமார் ஒரு கோடிப் பேர் அவ்வாண்டில் தாமே அமைத்துக்கொண்ட ஒரு சங்கத்தில் அங்கத்தினராயிருந்தனர். ஆண்டு முடியுமுன் அச்சங்கம் ஒரே இரவில் முடக்கப்பட்டது. எட்டாண்டுகள் கழித்து அச்சங்கத்தாரே நாட்டின் மந்திரி சபைக்குத் தலைமை ஏற்றனர். இவற்றுக்கிடையே நெசவாளர்க்கும் உழவர்க்கும் நேர்ந்தது என்ன என்பதைக் காண்போம்.

பெயரளவில் இருந்த சங்கங்கள்

சங்கமே இல்லாத நாடன்று போலந்து. தொழிற்சாலைகளில் தொழிற்சங்கங்கள் இருந்தன. சிற்றூர்களில் 'உழவர் தன்னுதவி' என்னும் பொருள்படும் பெயருடைய கூட்டுறவுச் சங்கங்கள் இருந்தன. உழவர் தமக்கு வேண்டிய உரத்தையும் நிலக்கரியையும் அவற்றின் வழியே வாங்கினர். விளைபொருளையும் அவற்றுக்கே விற்றனர். கூட்டுறவு இயக்கமும் அந்நாட்டுக்குப் புதியதன்று; 19ஆம் நூற்றாண்டிலேயே வேரூன்றிய இயக்கம் அது. ஆயினும் இச்சங்கங்களில் யார் தலைவர், என்ன விலை, யாருக்கு எவ்வளவு பங்கு என்பன யாவும் மேலிடத்திலேயே முடிவாயின. பெயர் கூட்டுறவாயிருந்தது; பொறுப்பு அங்கத்தினரிடம் இல்லை. பின்னர் நிகழ்ந்தவற்றை விளங்கிக்கொள்ள இதனை முதலில் மனத்திற் கொள்ளல் வேண்டும்.

மற்றொரு செய்தியும் குறிப்பிடத்தக்கது. நிலங்களைக் கட்டாயமாக ஒன்றுசேர்த்துக் கூட்டுப்பண்ணைகளாக்கும் முயற்சியைப் போலந்து அரசாங்கம் 1956ஆம் ஆண்டில் கைவிட்டது. ஆதலால் அந்நாட்டு விளைநிலத்தில் முக்காற் பங்கு சிறு உழவர்களின் சொந்த நிலமாகவே நின்றது. எனினும் டிராக்டர், உரம் முதலியவற்றில் அரசாங்கப் பண்ணைகளுக்கே முதலிடம். நிலம் தம்முடையதாயினும் அது நாளை தம் மக்களுக்குச் சேருமா என்ற அச்சம் உழவரை விட்டு நீங்கவில்லை.

வூச் நகரத்து நெசவாளர்

அக்காலத்தில் போலந்தின் நெசவுத் தலைநகராய் விளங்கியது வூச்; தேசப் படங்களில் லோட்ஸ் என்றும் எழுதியிருப்பர். 19ஆம் நூற்றாண்டில் பருத்தி ஆலைகளால் வளர்ந்த ஊர் அது. அங்குள்ள ஆலைகளில் வேலை செய்தோருள் பெரும்பாலோர் பெண்கள். 1970 டிசம்பரில் அரசாங்கம் உணவுப் பொருள்களின் விலையைத் திடீரென உயர்த்தியது. அதனை எதிர்த்துக் கடற்கரை நகரங்களில் எழுந்த தொழிலாளரில் 40க்கும் மேற்பட்டோர் சுடப்பட்டு இறந்தனர். அதன் பின்னரும் விலை குறையவில்லை. 1971 பிப்ரவரியில் வூச் நகரத்து நெசவுப் பெண்கள் வேலையை நிறுத்தினர். பிரதம மந்திரியே நேரில் வந்து பேசியும் அவர்கள் இணங்கவில்லை. மறுநாள் விலை உயர்வு கைவிடப்பட்டது. குண்டுக்கு அசையாத விலை நெசவுப் பெண்களின் உறுதிக்கு இறங்கியது எனலாம்.

எனினும், அன்று அவர்களுக்குத் தமக்கென ஒரு சங்கம் இல்லை. வேலைநிறுத்தம் முடிந்ததும் யாவரும் தத்தம் தறிக்குத் திரும்பினர். அடுத்த குறை வந்தபோது மீண்டும் முதலிலிருந்தே தொடங்க வேண்டியதாயிற்று. அக்குறையைத் தீர்த்தது 1980ஆம் ஆண்டு.

அவ்வாண்டு ஆகஸ்டு 14ஆம் நாள் கதான்ஸ்க் துறைமுகத்துக் கப்பல் கட்டும் தளத்தில் வேலைநிறுத்தம் தொடங்கிற்று. அன்னா வலென்டினோவிச் என்னும் கிரேன் ஓட்டும் பெண்ணை, ஓய்வுபெற ஐந்து மாதங்களே இருக்கையில் வேலைநீக்கம் செய்தது உடனடிக் காரணம். மின் தொழிலாளரான லேக் வலேசா தலைமை ஏற்றார். தொழிலாளரின் 21 கோரிக்கைகளுள் முதலாவது ஊதியம் பற்றியதன்று; கட்சிக்கும் முதலாளிக்கும் கட்டுப்படாத சங்கம் அமைத்துக்கொள்ளும் உரிமை பற்றியது. உதவிப் பிரதம மந்திரியுடன் நடந்த பேச்சு ஒலிபெருக்கி வழியே தளம் முழுவதும் கேட்கச் செய்யப்பட்டது. தம் பெயரால் என்ன பேசப்படுகிறது என்பதைத் தொழிலாளர் தம் செவியாலேயே கேட்டனர். ஆகஸ்டு 31ஆம் நாள் உடன்படிக்கை கையெழுத்தாயிற்று. இவ்வாறு பிறந்த சங்கமே 'சாலிடாரிட்டி'. ஒருமைப்பாடு என்பது அதன் பொருள். வூச் நகரத்து நெசவாளரும் அதில் சேர்ந்தனர்.

உழவர் கேட்ட உரிமை

தொழிலாளர்க்குச் சங்கம் கிடைத்தபின் உழவரும் தமக்கொன்று வேண்டினர். இங்கே சட்டச் சிக்கல் ஒன்று எழுந்தது. பிறரிடம் ஊதியம் பெறுவோர்க்கே தொழிற்சங்கம். சொந்த நிலத்தை உழுவோர் தமக்குத் தாமே முதலாளி. ஆகவே அவர்கள் வேறு வகைக் கழகம் வேண்டுமாயின் அமைத்துக்கொள்ளலாம் என்று உச்ச நீதிமன்றம் 1981 பிப்ரவரி 10ஆம் நாள் கூறிற்று. ஆனால் உரமும் நிலக்கரியும் பிறர் கொடுத்தால் உண்டு, விளைவுக்கு விலையும் பிறர் வைத்ததே என்னும் நிலையிலுள்ள ஒருவன் எவ்வளவு முதலாளி என்பதைத் தறி சொந்தமாயிருந்தும் நூலுக்குப் பிறர் கையை எதிர்பார்த்த நெசவாளர் எளிதில் உணர்வர்.

தென்கிழக்கிலுள்ள ஷெஷூஃப், உஸ்ட்ஷிக்கி ஆகிய ஊர்களில் உழவர்கள் கட்டடங்களுள் அமர்ந்து வாரக்கணக்கில் அறப்போர் நடத்தினர். பிப்ரவரி 18 முதல் 20 வரை அரசாங்கம் அவர்களோடு உடன்படிக்கைகள் செய்துகொண்டது. உழவனின் நிலவுடைமை மீறப்படாது, அது அவன் வாரிசுகளுக்குச் செல்லும், தனி உழவர் பண்ணைகளும் மற்றப் பண்ணைகளுக்குச் சமமாக நடத்தப்படும் என்பன அவற்றின் சாரம்.

சங்கத்தைப் பதிவுசெய்வது மட்டும் இழுபறியாகவே இருந்தது. மார்ச் 19ஆம் நாள் பிட்கோஷ்ச் நகரில் மாகாண சபைக் கூட்டத்துக்கு, உழவர் சங்கம் பற்றிப் பேச அழைக்கப்பட்டுச் சென்றவர்கள் அமர்ந்திருக்கையிலேயே கூட்டம் திடீரென முடிக்கப்பட்டது. வெளியேற மறுத்தோரைப் போலீஸார் அடித்து வெளியேற்றினர். மூவர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டனர்; அவர்களுள் ஒருவர் உழவர் தலைவர். மார்ச் 27ஆம் நாள் நாடெங்கும் நான்கு மணி நேரம் வேலை நின்றது. உழவர்க்காக ஆலைத் தொழிலாளர் தறியை நிறுத்திய நாள் அது. மே 12ஆம் நாள் உழவர் சங்கம் பதிவு பெற்றது. யான் குவாய் என்பவர் அதன் தலைவரானார்.

வெறுங்கடை

சங்கம் கிடைத்தது, சோறு கிடைத்ததா? இல்லை என்பதையும் மறைக்காமல் கூறுதல் வேண்டும். சர்க்கரைக்கு 1976ஆம் ஆண்டிலேயே பங்கீட்டு அட்டை வந்துவிட்டது. 1981 ஏப்ரலில் இறைச்சிக்கும் வந்தது. பின்னர் வெண்ணெய், மாவு ஆகியவையும் அவ்வாறே ஆயின. அட்டை இருந்தும் கடையில் பொருளில்லை.

இதன் காரணம் நமக்குப் பாடமாகத் தக்கது. 1970க்குப் பின் அரசாங்கம் மேலைநாடுகளில் பெருங்கடன் வாங்கிற்று. தவணை கட்டும் காலத்தில் வெளிநாட்டுச் சரக்கும் உதிரிப்பாகமும் வாங்கப் பணமில்லை. நகரத்தார் கையில் ஊதியப் பணம் மிகுந்தது, வாங்குவதற்குப் பண்டமில்லை. உழவனிடம் பன்றியும் தானியமும் இருந்தன; விற்றுப் பெற்ற பணத்தைக் கொண்டு உரமோ நிலக்கரியோ காலணியோ வாங்க இயலவில்லை. பயனற்ற தாளுக்கு ஏன் விற்பது என்று அவன் தயங்கினான். நெய்தவளிடம் உணவில்லை, விளைத்தவனிடம் உடையும் கருவியுமில்லை. இருவரையும் இணைக்க வேண்டிய சங்கமும் சந்தையும் இருவர் கையிலும் இல்லாமையே இத்துன்பத்தின் ஒரு வேர்.

ஜூலையில் இறைச்சிப் பங்கீடு ஏறத்தாழ ஐந்திலொரு பங்கு குறைக்கப்படும் என்ற அறிவிப்பு வந்தது. அம்மாத இறுதியில் வூச் நகரின் பெருந்தெருவில் ஆயிரக்கணக்கான பெண்கள், குழந்தைகளைத் தள்ளுவண்டியில் வைத்துக்கொண்டு, பசியைக் கூறும் பலகைகளேந்தி ஊர்வலம் சென்றனர். அக்டோபரில் ஸிரார்துஃப் என்னும் லினன் நெசவூரின் பெண்கள் உணவுக் குறையின் பொருட்டு வேலையை நிறுத்தினர். சங்கத் தலைவர்கள் பொறுமை வேண்டினும், வரிசையில் நின்று களைத்த தாய்மாரின் பொறுமைக்கும் எல்லையுண்டன்றோ?

சங்கம் நடந்த முறை

இத்தனைத் துன்பத்திலும் சங்கத்தின் உள்நடப்பு நம் கவனத்துக்குரியது. ஏப்ரல் 3ஆம் நாள் சங்கத்தின் வாரப் பத்திரிகை வெளிவந்தது; 5 லட்சம் பிரதிகள் அச்சாயின. ததேயுஷ் மசோவியெட்ஸ்கி அதன் ஆசிரியர். செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் கதான்ஸ்கில் முதல் தேசிய மாநாடு கூடிற்று. சுமார் 900 பிரதிநிதிகள் வந்தனர். தலைவர் பதவிக்கு வலேசாவை எதிர்த்து மூவர் நின்றனர். புகழின் உச்சியிலிருந்த அவர் பெற்றது ஏறத்தாழ 55 சதவிகித வாக்குகளே. இதனைச் சிலர் பிளவு என்றனர். மாற்றுக் கருத்துடையவர் எழுந்து நின்று பேசவும், வாக்குகள் உண்மையாகவே எண்ணப்படவும் இடமிருந்ததன் அடையாளம் என்றே நாம் கொள்கிறோம்.

ஒரே இரவில்

டிசம்பர் 13ஆம் நாள் ஞாயிறு விடியுமுன் ஜெனரல் யாருசெல்ஸ்கியின் அரசாங்கம் ராணுவச் சட்டத்தைப் பிறப்பித்தது. தொலைபேசிகள் செத்தன. ஆயிரக்கணக்கானோர் வீட்டிலிருந்தே கொண்டுசெல்லப்பட்டுச் சிறை வைக்கப்பட்டனர். 16ஆம் நாள் வூயெக் என்னும் நிலக்கரிச் சுரங்கத்தில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் ஒன்பது தொழிலாளர் உயிரிழந்தனர். வாரப் பத்திரிகை நின்றது. 1982 அக்டோபரில் தொழிலாளர் சங்கமும் உழவர் சங்கமும் சட்டத்தால் கலைக்கப்பட்டன.

ஆயினும் இரண்டு செய்திகளைக் கூறாது இக்கட்டுரையை முடித்தல் முறையன்று. முதலாவது: சங்கத்தைக் கலைத்த அதே அரசாங்கம், உழவர்க்கு ஷெஷூஃபிலும் உஸ்ட்ஷிக்கியிலும் அளித்த வாக்கைக் கலைக்கத் துணியவில்லை. 1983 ஜூலையில் உழவர் குடும்பப் பண்ணைகளின் நிலைபேறு அரசியல் சட்டத்திலேயே சேர்க்கப்பட்டது. இரண்டாவது: 1989 ஏப்ரலில் இரு சங்கங்களும் மீண்டும் பதிவு பெற்றன. ஜூன் மாதத் தேர்தலில் செனட் சபையின் 100 இடங்களில் 99ஐயும், கீழ்ச் சபையில் போட்டிக்கு விடப்பட்ட 161 இடங்கள் அனைத்தையும் அவ்வியக்கத்தார் வென்றனர். ஆகஸ்டில் பிரதம மந்திரியானவர், நிறுத்தப்பட்ட அப்பத்திரிகையின் ஆசிரியர் மசோவியெட்ஸ்கி.

நாம் கொள்வது

வேறு நாட்டின் அரசியலில் பக்கம் சேர்வது நம் நோக்கமன்று. சங்கம் என்பது எங்கே உயிர் வாழ்கிறது என்பதே நாம் கேட்கும் கேள்வி. கட்டடத்திலும் முத்திரையிலும் பதிவு எண்ணிலும் அது வாழ்வதாயின், 1981 டிசம்பரில் போலந்துச் சங்கங்கள் இறந்திருக்க வேண்டும். கட்டடமும் முத்திரையும் பதிவும் குறைவின்றிப் பெற்றிருந்த 'உழவர் தன்னுதவி'யை உழவர் தமதெனக் கருதியிருக்க வேண்டும். இரண்டும் நிகழவில்லை. தலைவரைத் தாமே தேர்ந்தோம், பேச்சைத் தாமே கேட்டோம், இழப்பையும் தாமே ஏற்றோம் என்ற நினைவு எட்டாண்டுகள் அச்சங்கங்களைக் காத்தது.

நம் சங்கத்தின் மகாசபை கூடும் நாளில் ஆண்டறிக்கையும் வரவு செலவும் வாசிக்கப்படும்போது, 'அது அவர்கள் பாடு' என்று திண்ணையில் அமர்ந்துவிடும் வழக்கம் நம்மிடையே இல்லாமலில்லை. போலந்து உழவர் ஐம்பது நாள் தரையிற் படுத்துக் கேட்ட உரிமை, நமக்கு ஓர் அழைப்புக் கடிதத்தில் வீடு தேடி வருகிறது. அங்கத்தினர் ஒவ்வொருவரும் அன்று வந்து அமர்ந்து, கணக்கைக் கேட்டு, ஐயம் உண்டாயின் எழுந்து வினவுவார்களாக.