வீணை பாலசந்தரும் பட்டணத்துப் படங்களும்

நகர வாழ்வைப் புனைந்துரைத்தல் தமிழ்ப் புலவர்க்குப் புதிதன்று. மருவூர்ப்பாக்கத்து அங்காடிகளை இளங்கோவடிகளும், கூடல் மாநகரின் இரவை மாங்குடி மருதனாரும் பாடியுள்ளனர். அன்னோர் கண்டது நகரின் பொலிவு. அடுத்த வீட்டாரையும் அரைகுறையாகவே அறிந்து வாழும் இக்காலப் பட்டணத்தாரின் நிலையைத் தமிழ்த் திரையில் அழுத்தமாகக் காட்டியவருள் எஸ். பாலசந்தர் முன்னிற்கத் தக்கவர். (இப்பெயர் கொண்ட வேறோர் இயக்குநரும் இருந்தனர், யாம் கூறுவது வீணை வல்லாரையே.)

1927இல் சென்னையிற் பிறந்த இவர், 'சீதா கல்யாணம்' என்னும் படத்தில் தந்தையாருடனும் தமையனாருடனும் சிறு பிள்ளையாகத் தோன்றினார். 1948இல் 'இது நிஜமா' என்பதில் இரட்டை வேடம் பூண்டதோடு இசையும் அமைத்தார். 1951இல் வெளிவந்த 'கைதி'யை இயக்கி, அதில் நடிக்கவும் செய்தார்.

ஆயினும் அவர்தம் பெயரை நிலைநிறுத்தியது, ஏவி.எம். நிறுவனத்தார்க்காக 1954இல் அவர் இயக்கிய 'அந்த நாள்' ஆகும். 1943 அக்டோபரில் ஜப்பானியர் சென்னைமீது குண்டு வீசியது மெய்ந்நிகழ்ச்சி. அதனையடுத்த காலைப்பொழுதில் வானொலிப் பொறியாளன் இராஜன் தன் வீட்டிற் சுடப்பட்டுக் கிடக்கின்றான். அண்டை வீட்டார், தம்பி, தம்பி மனைவி, காதற்கிழத்தி, மனைவி ஆகியோரைத் துப்பறிவோர் வினவ, ஒவ்வொருவரும் தாம் கண்ட இராஜனைக் கூறுகின்றனர், பிறரை ஐயுறுகின்றனர். சுவிசேஷகர் நால்வரும் நால்வேறு வகையாற் கூறினும் நாம் காண்பவர் ஒருவரே. இங்கோ கூற்றுக்கள் பெருகப் பெருக மனிதன் எட்டச் செல்கின்றான். தன் திறமையை எவரும் மதியாமையாற் கசந்து, அவன் பகைவர்க்கு உளவு கூறுவோனாய் மாறியதை அத்தெருவில் யாரறிந்தார்?

பலர் வாய்க் கூற்றால் ஒரு கொலையைக் கூறும் முறையை 1950இல் 'ராஷோமோன்' என்னும் படத்தில் ஜப்பானிய இயக்குநர் குரோசாவா கையாண்டிருந்தார். அவர் அதனைக் கானகத்தில் நிகழ்த்தினார். பாலசந்தரோ சென்னையின் ஒரு வீட்டிற்குக் கொணர்ந்தார். இம்மாற்றம் சிறிதன்று. கானகத்தில் மனிதர் ஒருவரையொருவர் அறியாதது இயல்பு. ஒரே சுவரின் இருபுறமும் வாழ்வோர் அறியாததே வியப்பு. அச்சரப்பாக்கம் போன்ற ஊரினின்று புகைவண்டி ஏறிப் பட்டணத்து விடுதியிற் சென்று தங்கும் எம்மனோர்க்கு இது விளக்க வேண்டா.

அப்படத்திற் பாட்டு ஒன்றேனும் இல்லை, ஆடலும் இல்லை. படத்திற்குப் பல பாட்டுக்கள் வேண்டுமென்று எதிர்பார்த்த அக்காலத்து மக்கள் பெரிதும் ஆதரித்திலர். தேசியத் திரைப்பட விருதிற் சான்றிதழ் கிடைத்தும் பொருள் வரவு குறைவே. விசாரணையின் நடுவே ஒருவர் எழுந்து பாடியிருப்பின் படம் என்னாகியிருக்கும்! இசையில் வல்லவரே பாட்டை விலக்கினார் என்பதை யாம் பெரிதும் மதிக்கின்றோம்.

1962இல் 'அவனா இவன்', 1964இல் 'பொம்மை' ஆகியவற்றையும் இயற்றினார். பின்னதில் வெடிகுண்டு பொதிந்த பொம்மையொன்று சென்னை நகரிற் கைமாறிக் கைமாறிச் செல்கின்றது. தொடுவோர் எவர்க்கும் அதன் உள்ளீடு தெரியாது. கதை மெலிது, எனினும் நகரையே பாத்திரமாக்கிய துணிவு பெரிது.

1970இல் வெளிவந்த 'நடு இரவில்' படத்தோடு திரையை விட்டார். ஆசிரியரின்றித் தாமே பயின்ற வீணையே அவர்க்கு முழுத்தொழிலாயிற்று. 1982இல் பத்ம பூஷண் பெற்று, 1990இல் பிலாய் நகரிற் காலமானார். வீணையாற் பெற்ற புகழ் அவர்தம் படங்களை மறைத்துவிட்டதே என்பது எமக்குச் சிறிது வருத்தம்.