பிரிக்கவொண்ணாப் பிணைப்பு

ஒரு படி அரிசியின் எடை, அதிலுள்ள மணிகளின் எடையேயன்றி வேறன்று. ஆனால் அணுவின் உட்கருவில் இந்தக் கணக்குச் செல்லாதென்பதைப் பௌதிக சாஸ்திரிகள் ஸ்தாபித்திருக்கின்றனர். இது நிபுணர்களின் விஷயமென்று பொதுஜனங்கள் ஒதுங்கியிருத்தல் தகாதென்பது நமது அபிப்பிராயம்.

உட்கருவிலுள்ள புரோட்டானும் நியூட்ரானும் குவார்க்குகள் என்னும் நுண்துகள்களாலானவை. இக்கொள்கையை 1964-ல் கெல்மன், ஸ்வைக் என்னும் இருவர் தனித்தனியே வெளியிட்டனர். 1968 முதல் ஸ்டான்போர்டில் நடந்த சோதனைகள் அதற்குச் சான்றளித்தன. குவார்க்குகளைக் கட்டிவைப்பது வலிய விசை. அவ்விசையைத் தாங்கிச் செல்வன குளுவான்கள். இவற்றுக்கு 1979-ல் ஹாம்பர்க் நகரில் அத்தாட்சி கிடைத்தது.

இவ்விசையின் இயல்பு விசித்திரமானது. புவியீர்ப்பும் மின்கவர்ச்சியும் தூரம் மிகமிகக் குன்றுவன. வலிய விசையோ, குவார்க்குகள் நெருங்குங்கால் தளர்கிறது. விலகுங்கால் விடாது பற்றுகிறது. பலவந்தமாக இழுத்தாலும் தனிக் குவார்க் வெளிப்படுவதில்லை. இழுப்பதற்குச் செலவான சக்தியே ஒரு குவார்க்கும் எதிர்க்குவார்க்குமாக உருவெடுத்து, அறுந்த முனைகளில் வந்து சேர்ந்துகொள்ளும். நெருக்கத்தில் விசை தளர்வதை 1973-ல் கணிதத்தால் நிறுவிய கிராஸ், வில்செக், பொலிட்சர் மூவரும் 2004-ல் நோபல் பரிசு பெற்றனர்.

இனி எடைக் கணக்குக்கு வருவோம். புரோட்டானிலுள்ள மூன்று குவார்க்குகளின் எடையையும் கூட்டினால் மொத்தத்தில் நூற்றுக்கு ஒரு பங்களவே தேறும். எஞ்சிய 99 பங்கும், அவற்றின் ஓயாத ஓட்டத்திலும் குளுவான்களின் பிணைப்பிலும் அடங்கிய சக்தியே. நமது உடலும் இமயமும் கனப்பது பெரும்பாலும் இதனாலேதான்.

வறுமை நீங்காத நாட்டிற்கு இவ்வாராய்ச்சி எதற்கென்று வினவுவாருளர். 1897-ல் தாம்ஸன் எலெக்ட்ரானைக் கண்டபொழுது அதன் பயனை அளந்து கூறியவர் யார்? இன்று வானொலியும் கணிப்பொறியும் அதனாலன்றோ இயங்குகின்றன! ஜெனீவாவுக்கருகே, லட்சம் கோடி பாகைக்கு மேற்பட்ட வெப்பத்தில் குவார்க்குகள் கட்டவிழ்ந்த நிலையை ஆராயும் ஆலிஸ் சோதனைக்கு, கொல்கத்தா சாஹா ஸ்தாபனத்தார் மானஸ் என்னும் மின்னணுச் சில்லை வகுத்தளித்தனர். 2017-ல் நமது தேசம் செர்ன் ஸ்தாபனத்தின் இணை அங்கத்தினராகவும் ஆயிற்று.

இவ்வளவு இருந்தும், இவ்வறிவைத் தாய்மொழியில் தெளிவுறப் பயிற்றத் தயங்குவது நியாயமன்று. சர்க்காரும் சர்வகலாசாலைகளும் மூல ஆராய்ச்சிக்குத் தாராளமாகப் பொருளுதவுக. அதன் முடிவுகளை நல்ல தமிழில் நூல்களாக்கித் தருக. உறுப்புகளினும் பிணைப்பே கனமுடையதென்று அணு காட்டுகிறது. தேசத்தொண்டில் ஈடுபட்டோர் இவ்வுண்மையை உள்ளத்திற் கொள்வாராக.