பிறைச் சின்னத்தின் கீழ் ஒரு மருத்துவக் குழு

அயல்நாடு சென்று தொண்டாற்றிய இந்திய மருத்துவர் என்றதும் பலரின் நினைவுக்கு வருபவர் டாக்டர் கோட்னிஸ். 1938இல் காங்கிரஸ் பேரியக்கம் சீனாவுக்கு அனுப்பிய ஐவர் குழுவில் ஒருவராகச் சென்று, 1942இல் அம்மண்ணிலேயே உயிர் நீத்தவர் அவர். அதற்கு இருபத்தாறு ஆண்டுகளுக்கு முன்பே, உஸ்மானியப் படையின் காயமுற்ற வீரர்களுக்குச் சிகிச்சை அளிக்க பம்பாயிலிருந்து கப்பலேறிய மற்றொரு குழு உண்டு. அதைப் பற்றி நம்மிடையே அதிகம் பேசப்படுவதில்லை.

1911இல் இத்தாலி திரிப்போலியின் மீது படையெடுத்தபோதே இந்திய முஸ்லிம்களின் உள்ளம் கொதித்திருந்தது. இலண்டனில் வாழ்ந்த சையித் அமீர் அலீ அவ்வாண்டில் பிரிட்டிஷ் செம்பிறைச் சங்கத்தை நிறுவி உதவிப் பணிகளைத் தொடங்கினார். செம்பிறைச் சின்னமும் அப்போது புதியதன்று. ரஷ்யாவுடனான போரையொட்டி 1876இல் உஸ்மானிய அரசு செஞ்சிலுவைக்குப் பதிலாக அதனை ஏற்றது. ஆனால் ஜெனீவா உடன்படிக்கையில் அச்சின்னம் முறையாக இடம்பெற 1929 வரை காத்திருக்க நேர்ந்தது.

1912 அக்டோபரில் பல்கேரியா, செர்பியா, கிரீஸ், மாண்டினீக்ரோ ஆகிய நாடுகள் ஒன்றுசேர்ந்து உஸ்மானியரைத் தாக்கின. சில வாரங்களிலேயே படைகள் தலைநகருக்கு அருகிலுள்ள சதல்ஜா அரண்வரிசை வரை பின்வாங்கின. அவற்றோடு காலராவும் வந்தது. பால்கன் ஊர்களிலிருந்து மாட்டுவண்டிகளில் வந்து குவிந்த முஹாஜிர்களுக்குப் பள்ளிவாசல்களே புகலிடமாயின. அயா சோபியாவே காலரா நோயாளிகளின் கூடமாக மாறியது.

மௌலானா முஹம்மது அலீ தமது 'காமரேட்' இதழில் விடுத்த வேண்டுகோளுக்குச் செவிசாய்த்து மக்கள் நன்கொடைகளை வாரி வழங்கினர். குழுவுக்குத் தலைமை ஏற்றவர் டாக்டர் முக்தார் அஹ்மத் அன்சாரி. சென்னை மருத்துவக் கல்லூரியில் பயின்று, பிரிட்டனில் உயர்பட்டங்கள் பெற்று, இலண்டனின் சேரிங் கிராஸ் மருத்துவமனையில் பணியாற்றித் திரும்பி, தில்லியில் தொழில் நடத்திக்கொண்டிருந்த இளம் அறுவை மருத்துவர் அவர். அவருடன் சென்ற இருபதுக்கும் மேற்பட்டோரில் மருத்துவர்கள் சிலரே. மற்றவர்களில் பலர் படிப்பை இடைநிறுத்திவிட்டு வந்த மாணவர்கள். பிற்காலத்தில் முஸ்லிம் லீக் தலைவர்களுள் ஒருவராக விளங்கிய சௌத்ரி கலீக்குஸ்ஸமான், சுஐப் குறைஷி, அப்துர் ரஹ்மான் சித்தீக்கி ஆகியோர் அவர்களில் அடங்குவர். பேஷாவரைச் சேர்ந்த அப்துர் ரஹ்மான் என்ற அலீகர் மாணவர் தம் உடைமைகளை விற்றுப் பயணத்துக்குப் பணம் திரட்டினார் என்பர்.

மருத்துவ நோக்கில் மட்டும் எடைபோட்டால் இக்குழுவின் சாதனையைப் பெரிதென்று கூறவியலாது. 1912 டிசம்பரில் இவர்கள் புறப்படும் முன்னரே தற்காலிகப் போர்நிறுத்தம் ஏற்பட்டிருந்தது. போரின் மிகக் கொடிய வாரங்கள் கடந்துவிட்டன. 1913 பெப்ரவரியில் சண்டை மீண்டும் மூண்டபோது இவர்களின் கள மருத்துவமனைக்கு வேலை வந்தது. உமர்லியிலும் பின்னர் சனக்கலேயிலும் பணி நடந்தது. அன்சாரி எழுதிய மடல்கள் 'காமரேட்' வழியே இந்திய வாசகர்களைச் சென்றடைந்தன. கட்டுக்கட்டவும் நோயாளியைத் தூக்கவும் அங்கேதான் கற்றுக்கொண்ட இளைஞர்களைக் கொண்டு இவ்வளவு செய்ததே பெரிது என்பது என் கருத்து.

இது நடுநிலையான சேவையா என்ற வினா எழும். அவர்கள் அவ்வாறு பாவனை செய்யவில்லை. சகோதர உணர்வே அவர்களை அழைத்துச் சென்றது. இளந்துருக்கியத் தலைவர்களுடன் பழகினர். வீடிழந்த முஹாஜிர்களை அனத்தோலியாவில் குடியமர்த்தும் திட்டத்திலும் ஈடுபாடு காட்டினர். காயத்துக்கு மருந்திடச் சென்றவன், காயத்தின் காரணத்தைப் பற்றிப் பேசாமல் திரும்ப வேண்டும் என எதிர்பார்ப்பது எளிதன்று.

1912இல் பிரிட்டன் அப்போரில் பங்குகொள்ளாத நாடு. எனவே அதன் குடிமக்கள் துருக்கிக்கு மருந்தும் பணமும் அனுப்பத் தடையில்லை. குழு 1913 ஜூலையில் தாயகம் திரும்பியபோது சிறப்பான வரவேற்பும் கிடைத்தது. பதினாறே மாதங்களில் நிலை தலைகீழாயிற்று. 1914 நவம்பரில் பிரிட்டன் உஸ்மானியருடன் போரில் இறங்கியது. நேற்றுவரை அறச்செயலாக இருந்தது இன்று இராஜத் துரோகத்தின் நிழலில் நின்றது. 'காமரேட்' பிணைத்தொகையை இழந்து நின்றுபோனது. 1915இல் அலீ சகோதரர்கள் காவலில் வைக்கப்பட்டனர்.

அதே 1915இல் கலிப்போலித் தீபகற்பத்தில் இந்தியப் படைப்பிரிவொன்று பிரிட்டனுக்காகத் தரையிறங்கியது. அதிலிருந்த இரண்டு பஞ்சாபிப் பட்டாளங்களில் முஸ்லிம் வீரர்கள் இருந்தனர். துருக்கியருக்கு எதிராக அவர்களை நிறுத்தத் தயங்கிய தளபதிகள் அப்பட்டாளங்களை விரைவிலேயே அங்கிருந்து அகற்றினர். ஆயினும் கோவேறு கழுதைகளில் நீரும் குண்டும் சுமந்த அணிகளில் பஞ்சாபி முஸ்லிம்கள் தொடர்ந்து பணிபுரிந்தனர். இரண்டாண்டுகளுக்கு முன் இந்தியத் தொண்டர்கள் துருக்கிய வீரர்களின் புண்களைக் கழுவிய சனக்கலே, நீரிணையின் மறுகரையில் இருந்தது.

பேஷாவரி அப்துர் ரஹ்மான் மற்றவர்களோடு திரும்பவில்லை. உஸ்மானியப் படையில் அதிகாரியாகிப் போர்க்களங்களில் காயமுற்றார். 1920இல் தொடங்கப்பட்ட அனத்தோலியச் செய்தி நிறுவனத்தின் தொடக்கநாள் ஊழியர்களில் அவரும் ஒருவர். அங்காரா அரசின் தூதராகக் காபூலிலும் பணியாற்றினார். 1925இல் இஸ்தான்பூல் தெருவொன்றில் சுடப்பட்டு இறந்தார். தோற்றத்தில் தம்மை ஒத்திருந்த ரவூஃப் பே என்ற அரசியல் தலைவருக்குக் குறிவைக்கப்பட்ட தோட்டாக்களுக்கே அவர் இரையானார் எனப் பரவலாக நம்பப்படுகிறது.

அன்சாரியின் பாதை வேறு. கிலாஃபத் இயக்கத்தில் முன்னின்ற அவர், ஜாமிஆ மில்லியாவை நிறுவியோருள் ஒருவராகவும், பின்னர் அதன் வேந்தராகவும் விளங்கினார். தாம் மாணவராக வாழ்ந்த சென்னைக்கு 1927 டிசம்பரில் காங்கிரஸ் மாநாட்டுத் தலைவராக வந்தார். பால்கன் போர்க் காலத்தில் இஸ்தான்பூலில் பெண்களைத் திரட்டிக் காயமுற்றோருக்குப் பணிவிடை செய்த எழுத்தாளர் காலிதா அதீப், 1935இல் அவரது அழைப்பை ஏற்று ஜாமிஆவில் சொற்பொழிவாற்ற இந்தியா வந்தார். தில்லியில் அவர் தங்கியது அன்சாரியின் இல்லமான தாருஸ்ஸலாமில். அதற்கடுத்த ஆண்டு அன்சாரி காலமானார்.