உழவரின் சொல்லைக் கேட்டு எழுதியவர்

பங்குத் தொகை எவ்வளவு, கடன் எவ்வளவு, தவணை தவறியோர் எத்தனை பேர் என்பனவற்றைச் சங்கத்தின் கணக்கேடுகள் செவ்வனே கூறும். தவணை ஏன் தவறியது என்பதை அவை கூறமாட்டா. அதனை அறிய அங்கத்தினரின் வீட்டுத் திண்ணைக்கே செல்ல வேண்டும். அவ்வாறு சென்று, உழவரின் வரலாற்றை அவர்தம் வாய்மொழியாகவே எழுதிய இத்தாலியர் ஒருவரை நம் அங்கத்தினர்களுக்கு அறிமுகப்படுத்த விரும்புகிறோம். அவர் பெயர் ரோக்கோ ஸ்கோட்டெல்லாரோ.

இத்தாலியின் தென்பகுதியில் பசிலிக்காட்டா என்றொரு மாநிலம் உண்டு. களிமண் குன்றுகளும் கோதுமை வயல்களும் நிறைந்த வறண்ட நாடு அது. பள்ளத்தாக்குகளில் மலேரியா மிகுந்திருந்த காலத்தில், உழவர்கள் குன்றின் மேலுள்ள ஊர்களில் நெருங்கி வாழ்ந்தனர். விடியுமுன் கோவேறு கழுதையுடன் நெடுந்தூரம் நடந்து வயலுக்குச் சென்றனர். நல்ல நிலங்களில் பெரும்பகுதி பெருநிலக்கிழார் வசம் இருந்தது.

இத்தகைய ஊர்களுள் ஒன்றான திரிக்காரிக்கோவில் 1923-ல் ஸ்கோட்டெல்லாரோ பிறந்தார். தந்தை செருப்புத் தைப்பவர். தாய் தையல் வேலை செய்ததுடன், எழுத்தறியாத அண்டை வீட்டாருக்குக் கடிதமும் எழுதிக் கொடுத்தார். பிறர் சொல்லக் கேட்டு எழுதும் பழக்கம் மகனுக்குத் தாய்வழி வந்த சொத்து எனலாம்.

1946-ல், 23-ஆம் வயதிலேயே அவர் ஊரின் நகரசபைத் தலைவரானார். 1947-ல் ஊராரின் ஒத்துழைப்புடன் மருத்துவமனை அமைத்தார். நிலமற்றோரின் போராட்டத்தில் உடன் நின்றார். 1950-ல் அவர்மீது குற்றஞ்சாட்டிச் சிறையிலிட்டனர். குற்றமற்றவர் என்று பின்னர் விடுதலையானார். பதவியைத் துறந்து, நேப்பிள்ஸ் நகருக்கு அருகிலுள்ள போர்ட்டிச்சிக்குச் சென்று, வேளாண் பொருளாதார அறிஞர் மான்லியோ ரோஸ்ஸி-தோரியாவுடன் பணியாற்றினார்.

அந்த 1950-ஆம் ஆண்டில்தான் இத்தாலிய அரசு நிலச் சீர்திருத்தச் சட்டங்களை இயற்றிற்று. பெருநிலங்கள் பிரிக்கப்பட்டன, நிலம் பெற்றோர் கூட்டுறவுச் சங்கத்தில் சேர வேண்டும் என்ற விதியும் இருந்தது. உழவருக்காகத் திட்டம் வகுத்தோர் பலர். உழவரைக் கேட்டோர் சிலரே. ஸ்கோட்டெல்லாரோ கேட்டார்.

அவர் எழுதியவை ஐவரின் வாழ்க்கை வரலாறுகள். அதிகாரிகளுடன் ஓயாது வழக்காடிய ஒருவர், மரங்களுக்கு ஒட்டுக் கட்டும் ஒருவர், எருமை மேய்க்கும் இளைஞன் ஒருவன் ஆகியோரும் அவர்களுள் அடங்குவர். ஒருவரைப்போல் மற்றொருவர் இல்லை. ‘உழவர் கூட்டம்’ என்று நாம் ஒரே சொல்லால் குறிப்பிடுவோரிடையே இத்தனை வேறுபட்ட உள்ளங்கள் உண்டு என்பதே அந்நூலின் போதனை.

பணி முற்றுப்பெறவில்லை. 1953 டிசம்பர் 15-ஆம் தேதி, 30-ஆம் வயதில் அவர் காலமானார். எழுதிய பகுதி, ‘தென்னாட்டு உழவர்’ எனப் பொருள்படும் பெயருடன் 1954-ல் நூலாக வெளிவந்தது.

நமது சங்கங்களும் இதனை எண்ணிப் பார்த்தல் நலம். கட்டாயத்தின் பேரில் ஒருவரைச் சங்கத்தில் சேர்த்துவிடலாம். அவருடைய சொல்லுக்குச் செவிசாய்த்தால்தான் சங்கம் அவருடையதாகும். மகாசபையில் கடைசி வரிசையில் வாய்திறவாது அமர்ந்திருக்கும் நெசவாளரையும் பயிரிடுவோரையும் காரியதரிசிகள் இவ்வாண்டு பேசச் சொல்லிக் கேட்பார்களாக. கேட்டதை நடவடிக்கைப் புத்தகத்தில் அவர் சொன்னபடியே எழுதுவார்களாக.